ஸ்டார் வோர்ஸ் பின்போல்: ஒரு தொழிற்சாலையின் கடைசி மெஷின்



இம்முறை நாம் எழுத வந்திருப்பது ஒரு விளையாட்டு மெஷினின் கதை. சேர் வரலாற்றை விட்டுவிட்டு விளையாட்டுக்குப் போய்விட்டார் என்று யாரும் நினைக்க வேண்டாம். தொழிற்புரட்சி பாடத்தில் நாம் நீராவி இயந்திரத்தையும் நூற்கும் பொறியையும் படிப்பிக்கிறோம். ஒரு கண்டுபிடிப்பு எப்படிப் பிறந்தது என்பதைப் பிள்ளைகள் மனனம் செய்து எழுதிவிடுவார்கள். நன்றாக ஓடிக்கொண்டிருந்த ஒரு தொழில் எப்படி நின்றுபோகிறது என்பதைத்தான் பாடப்புத்தகம் அவ்வளவாகச் சொல்வதில்லை. அதற்கு நமக்குத் தெரிந்த நல்ல உதாரணம் அமெரிக்காவின் சிக்காகோ நகரில் 1999இல் நடந்தது. ஸ்டார் வோர்ஸ் படத்தை வைத்துச் செய்யப்பட்ட ஒரு பின்போல் மெஷினோடு அது சம்பந்தப்பட்டது.

பின்போல் என்றால் என்னவென்று தெரியாதவர்களுக்கு முதலில் ஒரு விளக்கம். கெரம் போர்டை நீளமாக்கி, நான்கு கால்களில் நிறுத்தி, விளையாடுபவர் பக்கமாகச் சற்றுச் சரித்து, மேலே கண்ணாடி போட்டு மூடியதாக நினைத்துக்கொள்ளுங்கள். சரிவு ஆறு ஏழு பாகைதான். உள்ளே ஓடுவது ஒரு உருக்குக் குண்டு. விட்டம் சுமார் 27 மில்லிமீற்றர், நிறை சுமார் 80 கிராம். காசைப் போட்டு, ஸ்பிரிங் தண்டை இழுத்து விட்டால் குண்டு மேலே போய், அங்கிருக்கும் தடைகளிலும் இலக்குகளிலும் மோதி, புள்ளி சேர்த்துக்கொண்டு கீழே உருண்டு வரும். கீழே இரண்டு சிறு துடுப்புகள் இருக்கும். பிளிப்பர் என்பார்கள். இருபக்கமும் உள்ள பட்டன்களை அழுத்தினால் மின்காந்தம் அந்தத் துடுப்பை உதைக்கும். குண்டு துடுப்புகளுக்கு நடுவே விழாமல் மீண்டும் மீண்டும் மேலே அனுப்ப வேண்டும். விளையாட்டு இவ்வளவுதான்.

இதன் பூர்வீகம் பிரான்சில் 18ஆம் நூற்றாண்டில் ஆடப்பட்ட பகட்டெல் என்ற மேசை விளையாட்டு. 1871இல் அமெரிக்காவின் சின்சினாட்டியில் மொன்டேகு ரெட்கிரேவ் என்பவர் ஸ்பிரிங் தண்டுக்குக் காப்புரிமை எடுத்தார். ஆனால் அது பெரிய வியாபாரமானது 1930களின் பொருளாதார வீழ்ச்சிக் காலத்தில்தான். வேலையில்லாத மனிதன் ஒரு சதத்தைப் போட்டுக் கொஞ்ச நேரம் கவலையை மறக்க ஒரு பெட்டி கிடைத்தது. 1931இல் கொட்லீப் கம்பனி 'பபிள் போல்' என்ற மெஷினை விற்றது. அடுத்த வருடமே 'பாலிஹூ' வந்தது. அந்தப் பெயரில் இருந்துதான் பாலி என்ற கம்பனி பிறந்தது. இவை அனைத்தும் சிக்காகோவில். உலகத்தின் பின்போல் தலைநகரம் அதுதான். இன்றும் அப்படித்தான்.

இங்கே ஒன்றைக் கவனிக்க வேண்டும். அந்தக் கால மெஷின்களில் துடுப்பே கிடையாது. குண்டை மேலே அனுப்பியதும் உங்கள் வேலை முடிந்துவிடும். அது எந்தக் குழியில் விழும் என்பது அதிர்ஷ்டம். மிஞ்சினால் மெஷினைத் தட்டலாம், ஆட்டலாம். அதைத் தடுக்க ஹரி வில்லியம்ஸ் என்ற பொறியியலாளர் ஒரு பொறி கண்டுபிடித்தார். மெஷினை அளவுக்கு மீறி ஆட்டினால் ஆட்டம் அத்தோடு நின்றுவிடும். 'டில்ட்' என்று இன்றும் சொல்கிறார்களே, அது அவருடையது. பிற்காலத்தில் அவர் தொடங்கிய வில்லியம்ஸ் கம்பனிதான் நம்முடைய கதையின் நாயகன்.

அதிர்ஷ்டத்தை நம்பிய ஆட்டம் என்றால் பின்னால் சூது வராமல் இருக்குமா? சில மெஷின்கள் வென்றவருக்குக் காசே கொடுத்தன. சில இடங்களில் கடைக்காரர் சாமானோ பணமோ கொடுத்தார். நியூயோர்க் மேயர் பியொரெல்லோ லாகார்டியா இதை விடவில்லை. பாடசாலைப் பிள்ளைகள் சாப்பாட்டுக் காசை இந்தப் பெட்டிக்குள் போடுகிறார்கள் என்பது அவருடைய பெரிய முறைப்பாடு. 1942 ஜனவரியில் நியூயோர்க்கில் பின்போல் தடைசெய்யப்பட்டது. பொலிஸார் ஆயிரக்கணக்கான மெஷின்களைக் கைப்பற்றினார்கள். மேயர் தாமே சம்மட்டியால் மெஷினை அடித்து உடைக்கும் படங்கள் பத்திரிகையில் வந்தன. உலக யுத்தம் நடந்த நேரம். உடைத்த உலோகம் யுத்தத் தேவைக்குப் போனது.

மேயரை இன்று பலர் கேலி செய்கிறார்கள். நாம் அவர் பக்கமும் நியாயம் இருக்கிறது என்போம். சூது நமக்கு ஹராம் என்பதற்காக மட்டும் இதைச் சொல்லவில்லை. அவர் உடைத்த மெஷின்களில் துடுப்பு இல்லை. அதில் பிள்ளையின் திறமைக்கு இடமே இருக்கவில்லை. அந்த மெஷினை அந்த வருடத்தில் வைத்துத்தான் அவரைப் பார்க்க வேண்டும்.

துடுப்பு வந்தது 1947இல். கொட்லீப் கம்பனியின் 'ஹம்ப்டி டம்ப்டி' என்ற மெஷினில் ஹரி மப்ஸ் என்ற வடிவமைப்பாளர் அதைச் சேர்த்தார். அன்றிலிருந்து ஆட்டத்தின் தன்மையே மாறிவிட்டது. கை, கண், நேரக் கணிப்பு எல்லாம் வேண்டும். ஆனால் சட்டம் மாறவில்லை. ஒரு முறை சூது என்று பெயர் எடுத்தால் அதைக் கழுவுவது இலேசா? நியூயோர்க்கில் தடை மேலும் 29 வருடம் நீடித்தது. வேடிக்கை என்னவென்றால் மெஷின்களைச் செய்துகொண்டிருந்த சிக்காகோவிலும் நீண்ட காலம் தடை இருந்தது. நகரத்தில் செய்யலாம், நகரத்தில் ஆட முடியாது.

1976 ஏப்ரலில் நியூயோர்க் மாநகர சபைக் குழுவின் முன்னால் ரொஜர் ஷார்ப் என்ற இளம் எழுத்தாளர் அழைக்கப்பட்டார். இது திறமையின் விளையாட்டுத்தான் என்று ஆடிக் காட்ட வேண்டும். இரண்டு மெஷின்கள் கொண்டுவந்திருந்தார்கள். ஒன்று பழுதானால் மற்றது உதவும் என்று. அவர் பழகிய மெஷினில் ஏதும் தந்திரம் இருக்கலாம் என்று சந்தேகித்த உறுப்பினர் ஒருவர் மற்றதில் ஆடச் சொன்னார். ஷார்ப் ஆடினார். கடைசியில், இப்போது நான் ஸ்பிரிங் தண்டை இழுத்து விடும் குண்டு மேலே நடுப் பாதையால் இறங்கும் என்று முன்கூட்டியே சொல்லிவிட்டு இழுத்தார். குண்டு சொன்னபடியே நடுப் பாதையால் இறங்கியது. தடை நீங்கியது. அந்த ஒரு அடியில் அதிர்ஷ்டமும் கலந்திருந்தது என்று பிற்காலத்தில் அவரே ஒப்புக்கொண்டிருக்கிறார். திறமையை நிரூபிக்க அதிர்ஷ்டம் கைகொடுத்தது! பிற்காலத்தில் இதே ஷார்ப், வில்லியம்ஸ் கம்பனியில் சேர்ந்து, திரைப்படங்களின் பெயரைப் பாவிக்க உரிமம் பெறும் பொறுப்பைப் பார்த்தார்.

தடை நீங்கியபின் வந்த காலம் பொற்காலம். குறிப்பாக 1990களின் தொடக்கம். விஞ்ஞானப் புனைகதைப் படங்களுக்கும் பின்போலுக்கும் அப்போது நெருங்கிய உறவு ஏற்பட்டது. 1991இல் 'டெர்மினேட்டர் 2' படத்தோடு வில்லியம்ஸ் ஒரு மெஷின் விட்டது. நடிகர் ஆர்னோல்ட் ஷ்வார்ஸ்நெகர் அதற்கென்றே குரல் கொடுத்தார். 15,000க்கு மேல் விற்றது. 1992இல் டேட்டா ஈஸ்ட் கம்பனி ஸ்டார் வோர்ஸ் மெஷின் ஒன்று விட்டது. 1993இல் அதே கம்பனி 'ஜுராசிக் பார்க்' விட்டது. இவற்றுக்கெல்லாம் மேலாக 1992இல் பாட் லோலர் வடிவமைத்த 'அடம்ஸ் பமிலி' மெஷின் 20,270 விற்றது. இலத்திரனியல் காலத்துப் பின்போலில் அதை வேறெதுவும் மிஞ்சவில்லை.

பிறகு வீழ்ச்சி. காரணம் தேடி ரொம்பத் தூரம் போகத் தேவையில்லை. வீட்டில் பிளேஸ்டேஷன் வந்துவிட்டது. பின்போல் மெஷின் ஒன்றுக்குள் நூற்றுக்கணக்கான விளக்குகள், சுவிட்சுகள், இறப்பர் வளையங்கள், மின்காந்தங்கள். குண்டு அடித்து அடித்து ஏதாவது ஒன்று உடைந்துகொண்டே இருக்கும். திருத்தத் தெரிந்தவன் வேண்டும். வீடியோ கேம் பெட்டிக்கு அந்தத் தொல்லை இல்லை. மெஷினை வாங்கிக் கடைகளில் வைத்து வருமானம் பார்ப்பவர்கள் கணக்குப் பார்த்தார்கள். 1996இல் கொட்லீப் பெயரில் இயங்கிய கம்பனி மூடப்பட்டது. வில்லியம்ஸ்தான் அப்போது இத்தொழிலில் பெரிய கம்பனி. பாலியின் பின்போல் பிரிவையும் 1988இலேயே அது வாங்கியிருந்தது. அதற்கும் நட்டம் வரத் தொடங்கியது.

வில்லியம்ஸின் தாய்க் கம்பனியான டப்ளியூஎம்எஸ் 1990களில் இன்னொரு வியாபாரத்திலும் இறங்கியிருந்தது. சூதாட்ட நிலையங்களுக்கு ஸ்லொட் மெஷின் செய்து கொடுப்பது. நம் நாட்டில் ஜாக்பொட் மெஷின் என்பார்களே, அதுதான். அதில் இலாபம் கொட்டியது. ஒரே கம்பனிக்குள் இரண்டு பிள்ளைகள். ஒன்று பணம் கொண்டுவருகிறது, மற்றது பழைய புகழை மட்டும் கொண்டுவருகிறது. 1998இல் நிர்வாகம் பின்போல் பிரிவுக்கு இறுதி எச்சரிக்கை கொடுத்தது: புதிதாக ஏதாவது செய்து இதை நிமிர்த்துங்கள், இல்லாவிட்டால் மூடுவோம்.

அந்தப் பொறியியலாளர்கள் செய்ததைத்தான் நாம் பிள்ளைகளுக்கு நிறுத்தி நிதானமாகச் சொல்ல விரும்புகிறோம். பாட் லோலர், ஜோர்ஜ் கோமஸ் போன்றவர்கள் கண்டுபிடித்த தீர்வு 137 வருடம் பழையது.

இரவு பஸ்ஸில் போகும்போது யன்னல் கண்ணாடியைப் பார்த்திருப்பீர்கள். வெளியே இருட்டு, உள்ளே வெளிச்சம். உங்கள் முகம் கண்ணாடிக்கு அப்பால், வெளியே வயலுக்கு மேல் மிதப்பதுபோல் தெரியும். வயலும் தெரியும், முகமும் தெரியும். 1862இல் லண்டனில் ஜோன் ஹென்றி பெப்பர் என்ற விஞ்ஞான விரிவுரையாளர் இதே தத்துவத்தை வைத்து மேடையில் ஆவி தோன்றும் காட்சியைக் காட்டி மக்களைத் திகைக்க வைத்தார். சாய்வான ஒரு பெரிய கண்ணாடி, மறைவில் வெளிச்சத்தில் நிற்கும் ஒரு மனிதன். அவ்வளவுதான் ஆவி. விஞ்ஞானத்தில் ஒளித்தெறிப்பு படிக்கும் பிள்ளைக்கு இது விளங்கும்.

வில்லியம்ஸ் பொறியியலாளர்கள் அந்தத் தத்துவத்தைப் பின்போலுக்குள் கொண்டுவந்தார்கள். மெஷினின் தலைப்பெட்டிக்குள் டிவித் திரை ஒன்றை, கீழே பார்க்கும்படி பொருத்தினார்கள். அதிலுள்ள படம் விளையாட்டுப் பலகையை மூடிய கண்ணாடியில் பட்டுத் தெறிக்கும். ஆடுபவரின் கண்ணுக்கு அந்த உருவம் பலகைக்கு மேலேயே நிற்பதுபோலத் தெரியும். அதே இடத்தில் உண்மையான இலக்கு ஒன்றும் இருக்கும். உருக்குக் குண்டு போய் இலக்கில் அடிக்கும், கணினி அதை உணர்ந்து உருவத்தை வெடிக்க வைக்கும். கண்ணுக்கு, குண்டு போய் அந்த உருவத்தையே தாக்கியதுபோல் இருக்கும். இயக்கியது வீட்டுக் கணினிக்குரிய ஒரு சாதாரண செயலி. இன்னொரு வசதியும் வைத்தார்கள். பழைய ஆட்டம் சலித்துப்போனால் முழு மெஷினையும் வீசத் தேவையில்லை. பலகையைக் கழற்றிப் புதிய பலகையை மாட்டி, மென்பொருளையும் மாற்றினால் அதே பெட்டி புதிய மெஷின். இந்த முறைக்கு 'பின்போல் 2000' என்று பெயர் வைத்தார்கள்.

1999 தொடக்கத்தில் முதலாவது வந்தது. 'ரிவெஞ்ச் புரொம் மார்ஸ்' என்ற பெயரில் செவ்வாய்க்கிரகவாசிகள் பற்றிய சொந்தக் கதை. வடிவமைத்தவர் கோமஸ். சுமார் 6,900 மெஷின்கள் செய்யப்பட்டன. அதற்குச் சற்று முன், 1998இல் வந்த 'கக்டஸ் கென்யன்' 900 அளவில்தான் செய்யப்பட்டது. எனவே எல்லோருக்கும் உயிர் வந்தது.

இரண்டாவதாக வந்ததுதான் 'ஸ்டார் வோர்ஸ் எபிசோட் 1'. வடிவமைத்தவர் ஜோன் பொப்படியுக். அந்த வருடம் மே 19ஆம் திகதி 'த பென்டம் மெனஸ்' படம் அமெரிக்காவில் வெளியானது. 1983க்குப் பிறகு 16 வருடம் கழித்து வந்த ஸ்டார் வோர்ஸ் படம். திரையரங்குகளுக்கு வெளியே ஆட்கள் நாட்கணக்கில் காத்துக் கிடந்தார்கள். இதைவிடப் பெரிய பெயர் எந்தக் கம்பனிக்குக் கிடைக்கும்? ஜூன் மாதம் மெஷின் வெளியே வந்தது. படத்தின் காட்சிகள் கண்ணாடியில் மிதந்தன. போர் ரோபோக்கள் பலகைக்கு மேல் வந்து நின்றன. பொட் ரேஸ் ஓட்டம் இருந்தது. சிவப்பும் கறுப்புமான முகத்தோடு டார்த் மோல் வாளை எடுத்துக்கொண்டு வந்தான்.

ஆனால் விற்பனை முதலாவதின் பாதிதான். சுமார் 3,500. படம் உலகம் முழுவதும் 90 கோடி டொலருக்கு மேல் வசூலித்தது. இருந்தாலும் 16 வருடம் காத்திருந்த இரசிகர்களில் பெரும்பகுதியினருக்கு ஏமாற்றம். மெஷினைப் பற்றியும் குறை சொன்னார்கள். நாம் படித்து விளங்கிக்கொண்ட வரையில் குறை நியாயமானது. உருவம் தெறிக்க வேண்டும் என்பதற்காகப் பலகையின் மேல் பாதியை வெறுமையாகவும் இருட்டாகவும் விட வேண்டியிருந்தது. பழைய மெஷின்களில் அந்த இடத்தில்தான் பாதைகளும் வளைவுகளும் நெருங்கி இருக்கும். குண்டு அங்கே போய்ச் செய்யும் சேட்டைதான் ஆட்டத்தின் உயிர். இதில் குண்டின் ஓட்டம் குறைந்து திரையின் வேலை கூடிவிட்டது. இரண்டு மெஷின்களும் அமைப்பில் ஒன்றுபோலவே இருந்ததும் ஒரு குறை. படக்காட்சி பார்க்க வேண்டுமென்றால் மனிதன் தியேட்டருக்குப் போவானே.

மூன்றாவது மெஷின் பாட் லோலருடையது. 'விசார்ட் புளொக்ஸ்' என்று பெயர். இரண்டு மெஷினில் கற்ற பாடத்தை மூன்றாவதில் திருத்தியிருப்பார்கள் என்றுதான் நாம் நினைக்கிறோம். எந்தப் புதிய கருவியும் முதல் இரண்டு முறையில் முழுமையடைந்ததாக வரலாற்றில் அதிகம் உதாரணமில்லை.

அதற்கு அவகாசம் கிடைக்கவில்லை. 1999 ஒக்டோபர் 25, திங்கட்கிழமை, டப்ளியூஎம்எஸ் நிர்வாகம் பின்போல் பிரிவை மூடுவதாக அறிவித்தது. புதிய முறை சந்தைக்கு வந்து ஒரு வருடம்கூட ஆகவில்லை. நிர்வாகம் சொன்ன எச்சரிக்கையைக் கேட்டு, சொன்னதைச் செய்து காட்டியவர்கள் அந்தப் பொறியியலாளர்கள். மெஷின் நன்றாக இருந்ததா இல்லையா என்பது அன்று கேள்வியாகவே இருக்கவில்லை. பின்போலில் போடும் ஒரு டொலரை ஸ்லொட் மெஷினில் போட்டால் எவ்வளவு வரும் என்பதே கணக்கு. கம்பனி பங்குதாரர்களுக்குப் பதில் சொல்ல வேண்டும், அது அவர்கள் பொறுப்பு என்று ஒரு வாதம் உண்டு. அந்த வாதத்தை நாம் விளங்கிக்கொள்கிறோம். ஆனாலும் வரிசையை ஒரு முறை பாருங்கள். 1942இல் சூது என்று சொல்லி இந்த மெஷினைச் சம்மட்டியால் உடைத்தார்கள். அது சூதல்ல, திறமை என்று நிரூபிக்க 1976 வரை எடுத்தது. 1999இல் அசல் சூது மெஷின் அதைவிட இலாபம் என்று சொல்லி அதை மூடினார்கள்.

டப்ளியூஎம்எஸ் கணக்கு பிழைக்கவுமில்லை. 2013இல் சயன்டிபிக் கேம்ஸ் என்ற கம்பனி அதைச் சுமார் 150 கோடி டொலருக்கு வாங்கியது. வாங்கியது ஸ்லொட் மெஷினுக்காக.

அந்த வருடத்தோடு உலகில் பெரிய அளவில் பின்போல் செய்பவர் ஒருவர் மட்டுமே மிஞ்சினார். கேரி ஸ்டேர்ன். அவருடைய தகப்பன் சாம் ஸ்டேர்ன், ஹரி வில்லியம்ஸின் பங்காளியாக இருந்தவர். டேட்டா ஈஸ்டின் பின்போல் பிரிவு செகாவிடம் போய், 1999இல் செகாவும் வேண்டாம் என்றபோது கேரி ஸ்டேர்ன் அதை வாங்கித் தன் பெயரில் நடத்தினார். ஏறக்குறைய பத்து வருடம் தனியாக. வில்லியம்ஸில் வேலை இழந்த கோமஸ் பிற்காலத்தில் அங்கேதான் வடிவமைப்புப் பிரிவின் தலைவரானார். 2011இல் 'ஜேர்சி ஜாக்' என்ற புதிய கம்பனி வந்தது. பாட் லோலர் அங்கே போய் 2017இல் 'டயல்ட் இன்' என்ற மெஷினைச் செய்தார். அதே 2017இல் ஸ்டேர்ன் கம்பனியும் புதிய ஸ்டார் வோர்ஸ் மெஷின் ஒன்று விட்டது. வடிவமைத்தவர் ஸ்டீவ் ரிட்சி, 1991இல் 'டெர்மினேட்டர் 2' மெஷினைச் செய்தவர். அதில் தெறிப்புக் கண்ணாடி இல்லை. பழையபடி குண்டும் துடுப்பும் வளைவும்தான்.

வில்லியம்ஸ் செய்த அந்த 3,500 எபிசோட் 1 மெஷின்களில் கணிசமானவை இன்று சேகரிப்பாளர்களின் வீடுகளில் ஓடுகின்றன. அவர்களுக்கு இப்போது ஒரு புதிய தொல்லை. பழைய குழாய் டிவித் திரையை இன்று யாரும் செய்வதில்லை. திரை மங்கினால் உருவம் மங்கும். ஆகவே அதைக் கழற்றிவிட்டு எல்சிடித் திரையை அளவு பார்த்துப் பொருத்துகிறார்கள். பின்போலைக் காப்பாற்ற வந்த அந்தத் திரைதான் முதலில் முதுமையடைந்தது. துடுப்புகளுக்குச் சுருள் தேய்ந்தால் புதுச் சுருள் வாங்கலாம், இறப்பர் வெடித்தால் புது இறப்பர் வாங்கலாம். உருக்குக் குண்டு அதே 27 மில்லிமீற்றர்தான், எந்தக் கம்பனியின் குண்டும் அதற்குப் பொருந்தும்.